நிலைப்பாளா?

"சொந்த ஊரையே விட்டுட்டு வந்தவ, நம்ம வீட்டுல நிலைப்பாளாடா?" என்றாள் சொர்ணம், அடுப்படியிலிருந்தே.

"மெதுவாம்மா. லரீசாவுக்குத் தமிழ் புரியும்," என்றான் ஹரிஷ்.

கூடத்தில் உட்கார்ந்திருந்த லரீசா ரஷ்யாக்காரி. போர் தொடங்கியதும் பெங்களூருக்கு வந்தவள், ஈஜிபுராவில் சின்னதாக ஒரு பேக்கரி வைத்திருக்கிறாள். தமிழ், அக்கம்பக்கத்தார் கற்றுத் தந்தது.

அவள் கொண்டுவந்த ரொட்டியுடன் சொர்ணம் கூடத்துக்கு வந்தாள். "இது கருகிப் போச்சாம்மா?"

"இல்லை ஆன்ட்டி, அதோட நிறமே அதுதான்."

"நேராவே கேக்குறேன். எனக்கு ஒரே பையன். உங்க ஊர் சரியானதும் அவனைக் கூட்டிக்கிட்டுப் போயிடுவே. வயசான காலத்துல நான் அவன் மூஞ்சியை செல்போன்லதான் பார்க்கணுமா?"

"அம்மா, டிபன் எடுத்து வையேன்," என்று குறுக்கிட்டான் ஹரிஷ்.

"இருடா. அவ பதில் சொல்லட்டும்."

"ஒரு தடவை எல்லாத்தையும் விட்டுட்டு வந்தாச்சு ஆன்ட்டி. இன்னொரு தடவை என்னால முடியாது. கூட வந்தாத்தான் கல்யாணம்னா எனக்கு வேண்டாம். அதைச் சொல்லத்தான் வந்தேன்."

"உன்னை யாரும்மா எங்கே கூப்பிட்டது?"

"ஹரிஷ்தான், கனடாவுக்கு. விசா வந்து ரெண்டு மாசமாச்சு. உங்ககிட்ட சொல்லலையா?"

ஹரிஷ் ரொட்டியையே உற்றுப் பார்த்துக்கொண்டிருந்தான்.

சொர்ணம் அதில் ஒரு துண்டு பிய்த்து வாயில் போட்டுக்கொண்டு, லரீசாவை ஒட்டி உட்கார்ந்தாள்.

"நல்லாத்தான் இருக்கு. ஞாயித்துக்கிழமை நிச்சயதார்த்தம் வெச்சுக்கலாம்மா. ஊர்ல இருந்தா மாப்பிள்ளையும் வரட்டும்."