நாற்பது நிமிட மின்விசிறி

மகன் முதலடி வைத்த வீடியோவை, கரங்கான் ஊரில் இருக்கும் அப்பாவுக்கு மூன்றாவது முறையாகச் சுருக்கி அனுப்பினாள் எவலின். உடனே அவர் போன் செய்தார்.

“இதுவும் எறங்கலம்மா. போன்ல எடமில்ல. இன்னும் சின்னதாக்கி அனுப்பு.”

“இதுக்கு மேல சுருக்குனா பேரன் மூஞ்சியே தெரியாதுப்பா. பழசு ஏதாச்சும் அழிச்சிடுங்க லா.”

“பரவால்லம்மா. மங்கலா இருந்தாலும் போதும்.”

எவலினுக்கு மனசு கசந்தது. பேரன் முகத்தைவிடப் பெரிதாக அந்தப் போனில் அப்படி என்னதான் இருக்கிறது?

ஞாயிற்றுக்கிழமை நேரில் போனவள் போனை வாங்கிப் பார்த்தாள். முக்கால்வாசி இடத்தை ஒரே வீடியோ விழுங்கியிருந்தது. நாற்பது நிமிடமும் சமையலறைக் கூரையும் சுற்றுகிற மின்விசிறியும்தான். யாரோ தெரியாமல் பட்டனை அழுத்திவிட்டு, போனை மேசையில் வைத்திருக்கிறார்கள்.

“இந்தக் காத்தாடிக்காப்பா இவ்ளோ எடம்? குடுங்க, இதச் சுருக்கித் தரேன்.”

“வேணாம்மா. சத்தம் தேஞ்சு போயிடும்.”

அவர் ஒலியைக் கூட்டினார். பாத்திரம் கழுவும் ஓசைக்கு நடுவே ஒரு குரல் கேட்டது. “எவலினப்பா, தேத்தண்ணி ஆறுது, வாங்க.”

அம்மாவை அடக்கம் செய்து எட்டு மாதம் ஆகியிருந்தது.

“உம் புள்ளைய நீ தெனம் எடுப்ப,” என்றார் அப்பா. “உங்கம்மா எடுத்தது இது ஒண்ணுதாம்மா.”