தாய்மாமன் மடி

தொப்பூர் கணவாயைத் தாண்டியதும் லாரி தானாக ஓரங்கட்டி நின்று, கதவைப் பூட்டிக்கொண்டது. ஓட்டுநர் ஓய்வெடுத்தே தீர வேண்டும் என்பது புது நெடுஞ்சாலைச் சட்டம். கண்ணை மூடிக் கிடந்தால் மட்டும் போதாது. நாடித் துடிப்பு அடங்கினால்தான் அது ஓய்வு. கோபப்பட்டால் மறுபடி முதலிலிருந்து.

செங்கோடனுக்கு எப்படி அடங்கும்? நாமக்கல்லில் தங்கை மகளுக்குக் காதுகுத்து. பிள்ளையை மடியில் வைத்துக்கொள்ள வேண்டிய தாய்மாமன் இங்கே கிடக்கிறான். தோடு அவன் சட்டைப் பையில்.

போன் அடித்தது. "எங்கண்ணா இருக்கீங்க? ஆசாரி எந்திரிச்சுப் போறேங்கறாரு. மாமியா வீட்ல எல்லாரும் என்னையத்தான் பேசறாங்க!" தங்கை மலர்க்கொடி அழுதாள்.

"கதவத் தொறடா!" என்று ஸ்டியரிங்கைக் குத்தினான்.

"துடிப்பு உயர்ந்துள்ளது. ஓய்வு மீண்டும் தொடங்குகிறது," என்றது லாரி, தாலாட்டுப் பாடுவது போல.

"நாசமாப் போறவனுங்களா! எவன் ஏசி ரூம்ல உக்காந்து எழுதுன சட்டம்டா இது?"

"ஓய்வு மீண்டும் தொடங்குகிறது."

மறுபடி போன். பின்னால் பிள்ளை வீறிட்டு அழும் சத்தம்.

"நல்ல நேரம் முடியுதுன்னு, எங்கூட்டுக்காரரோட தம்பி மடியில வெச்சுக் குத்திட்டாங்கண்ணா. இனி நீங்க மெதுவாவே வாங்க."

செங்கோடன் சீட்டில் அப்படியே சரிந்து கிடந்தான், வெகு நேரம்.

"சிறப்பான ஓய்வு. இனிய பயணம்!" கதவு திறந்தது.

இறங்கினான். பின்பக்கம் போய் ஜாக்கி ராடை உருவிக்கொண்டு, லாரியின் முகத்துக்கு நேராக வந்து நின்றான்.