திட்டில் ஏறிய துணிகள்

ஸ்ரீரங்கத்துக்கு வடக்கே, கொள்ளிடத்துக்குள் கூப்பிடு தூரத்தில், உறையூர் வக்கீல் ஒருவருக்குச் சொந்தமான சின்னத் திட்டு இருந்தது. அங்கிருந்த தென்னந்தோப்புக்குச் செபஸ்தியான் காவல். மனைவி லூர்துராணியும் ஐந்து வயது மகள் அமலியும் அவனோடு இருந்தார்கள். கரைக்கு வரவேண்டுமென்றால் ஆளுக்கொரு துணியை மூங்கிலில் கட்டி ஏற்றுவார்கள். அதைப் பார்த்துத்தான் சின்னப் பரிசலா, பெரிய பரிசலா என்று பரிசல்காரர் வீரமலை முடிவு செய்வார். துணி ஏறி அவர் போகாமல் இருந்ததில்லை.

ஐம்பத்தெட்டாம் வருஷம் ஆவணியில், மேலணையைத் திறக்கப்போவதாகத் தண்டோரா போட்டார்கள். மத்தியானத்துக்குள் மூவரையும் வீரமலை கரை சேர்த்துவிட்டார். பரிசலைக் கட்டிவிட்டு நிமிர்ந்தால், திட்டில் ஒரு துணி ஏறியது. சற்றுக் கழித்து இன்னொன்று.

"யாருப்பா அங்க?"

"யாருமில்லீங்கண்ணே. கோழியக்கூட விடாம கொண்டாந்துட்டோம்," என்றான் செபஸ்தியான்.

"அப்ப தேங்காயா துணி கட்டுது?"

யாரும் சிரிக்கவில்லை. தண்ணீர் செம்மண் நிறத்தில் ஏறிக்கொண்டிருந்தது. போனால் பரிசல் திரும்புவது நிச்சயமில்லை. போகாவிட்டால் இரண்டு உயிர். வீரமலை கயிற்றை அவிழ்த்தார்.

"போகாதீங்கண்ணே," என்று லூர்துராணி குறுக்கே வந்து நின்றாள்.

அவள் வாயை மூடிய பிறகு, அதே குரல் திட்டிலிருந்து கேட்டது.

"வீரமலையண்ணே! காலையிலேருந்து எங்க அமலியக் காணோம். அங்கிட்டு வந்தாளா?"

அமலி, பக்கத்தில் நின்றவளின் முந்தானையை விட்டாள். பரிசலில் ஏறி உட்கார்ந்துகொண்டு, "இதோ வரேம்மா," என்று கத்தினாள்.