பாலத்துக்கு அந்தப் பக்கம்

"ஆத்தைத் தாண்டி எதுக்குப் போனீங்க?"

நீதிபதி டோர்விக் மூன்றாவது முறையாகக் கேட்டார். வாயைத் திறப்பேனா என்று நின்றான் லைல் ப்ரோடின்.

போதைமருந்து வழக்கில் ஒன்பது வருஷம் உள்ளே இருந்தவன். தண்டனை கொடுத்தவரும் இதே டோர்விக்தான். பெடரல் நீதிமன்றத்தில் எழுத்தராக அன்றைக்கும் இதே நாற்காலியில் நான்தான் குறிப்பு எழுதினேன். வெளியே விடும்போது மூன்று வருஷக் கண்காணிப்பு, அனுமதி இல்லாமல் மாநிலத்தை விட்டுப் போகக் கூடாது என்று நிபந்தனை. எங்கள் ஊரில் அது பெரிய கூத்து. ஊர் இருப்பது வடக்கு டகோட்டாவில். ஆற்றுப் பாலத்தைத் தாண்டினால் மினசோட்டா மாநிலம். அந்தப் பக்கம் போய் ஒரு டஜன் முட்டை வாங்கினாலும் குற்றம்தான்.

கார் பின்விளக்கு எரியவில்லை என்று அந்தப் பக்கத்துப் போலீஸ் நிறுத்தியதில் மாட்டிக்கொண்டான். ஒரு வருஷமாக மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை போகிறேன் என்று அவனே ஒப்புக்கொண்டுவிட்டான். எதற்கு என்று மட்டும் சொல்லவில்லை.

அரசு வக்கீல் ஆறு மாதம் உள்ளே போடச் சொன்னார். குழந்தைகள் நலத்துறை மகளை அவனிடம் ஒப்படைத்தே இரண்டு மாதம்தான் ஆகிறது. மறுபடி சிறைக்குப் போனால் பெண்ணை எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள். திரும்பக் கொடுக்கமாட்டார்கள்.

அப்படி என்னதான் இருக்கிறது அந்தப் பக்கம்? பழைய சரக்குக் கூட்டாளிகள் என்றார் வாசல் காவலர். பொம்பளை விஷயம் என்றேன் நான். எனக்கு இருபத்திரண்டு வருஷ அனுபவம்.

டோர்விக் கல்நெஞ்சக்காரர் இல்லை. யாரையும் துருவித் துருவிக் கேட்பார், உண்மையான காரணம் கிடைத்துவிட்டால் பாதிக்குப் பாதி இறங்கி வந்துவிடுவார். ப்ரோடினின் வக்கீலுக்கும் அது தெரியும். அந்த வக்கீலம்மா அவன் சட்டைக் கையைப் பிடித்து இழுத்துக் கெஞ்சியே விட்டாள்.

கடைசியில் மெல்லச் சொன்னான். "ஒருத்தங்களுக்கு வாக்குக் குடுத்திருக்கேன் ஐயா."

"எனக்கும்தான் குடுத்தீங்க. தாண்டமாட்டேன்னு கையெழுத்துப் போட்டீங்க. அந்த வாக்குக்கு மதிப்பு இல்லையா?"

"இருக்கு. தப்பு என்மேலதான். நீங்க குடுக்கறதை வாங்கிக்கிறேன்."

இதற்கு மேல் என்ன செய்ய? நீதிபதி பேனாவை எடுத்தார். அப்போது பின் பெஞ்சிலிருந்து ஒரு குரல் வந்தது.

"அவன் கல்லறைக்குப் போறான் ஐயா."

ப்ரோடினின் அக்கா டார்லா எழுந்து நின்றிருந்தாள். காவலர் அவளை உட்காரவைக்கப் போனார். நீதிபதி கையைக் காட்டித் தடுத்தார்.

"அக்கா, வேணாம். உக்காரு," என்றான் ப்ரோடின்.

அவள் உட்காரவில்லை, கொட்டித் தீர்த்துவிட்டாள். சிறையில் இருந்த ஒன்பது வருஷமும் ஓர் அம்மா அவனுக்கு வாரம் ஒரு கடிதம் எழுதினாளாம். சொந்தக்காரர்கள் எல்லாம் கைகழுவிவிட்ட காலம் அது, கூடப் பிறந்த தானே ஒரு வரி எழுதவில்லை என்றாள். அந்த அம்மா விரட்டி விரட்டித்தான் அவன் படிப்பை முடித்தான், மகளுக்குக் கடிதம் போட ஆரம்பித்தான். கைமாறாக அவள் கேட்டது ஒன்றே ஒன்று. தன் வீட்டுக்காரருக்குத் தெரியக் கூடாது, தெரிந்தால் அவர் வேலைக்குச் சங்கடம். இவன் வெளியே வர மூன்று வாரம் இருக்கும்போது அவள் போய்ச் சேர்ந்துவிட்டாள். முகத்தைக்கூடப் பார்த்ததில்லை. அதனால்தான் மாதம் ஒரு தடவை போய்ப் புல்லை வெட்டிக் கல்லைக் கழுவிவிட்டு வருகிறான்.

எனக்கு என்மேலேயே வெட்கமாக இருந்தது.

"அனுமதி கேட்டிருக்கலாமே," என்றார் நீதிபதி. குரல் இறங்கியிருந்தது. "ஒரு வார்த்தை கேட்டிருந்தா நானே குடுத்திருப்பேன்."

"யாரோட கல்லறைன்னு எழுதிக் குடுக்கணுமே ஐயா," என்றாள் டார்லா. " அந்தத் தாள் உங்க மேசைக்குத்தானே வரும்?"

"வந்தா என்ன?"

டார்லா தம்பியைப் பார்த்தாள். அவன் தலையைக் குனிந்துகொண்டான்.

"கல்லுல ரெண்டு பேரோட பேரு வெட்டியிருக்கு. அந்த அம்மா பேரு சோல்வெய். பக்கத்துல வீட்டுக்காரர் பேரு. அவருக்குப் பிறந்த வருஷம் மட்டும்தான் போட்டிருக்கு, இறந்த வருஷத்துக்கு இடம் விட்டிருக்கு." நீதிபதியை நிமிர்ந்து பார்த்தாள். "உங்க பேருங்க ஐயா."

சோல்வெய் கையால் எத்தனை கிறிஸ்துமஸுக்குக் காபி வாங்கிக் குடித்திருப்பேன். ஒரு ஜாடைகூடக் காட்டவில்லையே அந்த மகராசி.

நீதிபதி வழக்கிலிருந்து விலகினார். அடுத்த வாரம் இன்னொரு நீதிபதி ப்ரோடினை எச்சரித்து வீட்டுக்கு அனுப்பினார். மாதம் ஒரு ஞாயிறு பாலத்தைத் தாண்ட அனுமதியும் எழுதிக் கொடுத்தார். மகள் அவனோடுதான் இருக்கிறாள்.

டார்லா பேசிய அன்று மதியமே விலகல் உத்தரவில் கையெழுத்து வாங்க டோர்விக்கின் அறைக்குப் போனேன். கறுப்பு அங்கியைக்கூடக் கழற்றாமல் உட்கார்ந்திருந்தார். காரணம் என்ன போடட்டும் என்று கேட்டேன். எதையாவது போடு என்றார். கையெழுத்துப் போட்ட பிறகும் பேனாவைக் கீழே வைக்கவில்லை.

"தாண்டக் கூடாதுன்னு அவனுக்கு நான் உத்தரவு போட்டிருந்தேன். எனக்கு யாரும் போடல," என்றார். "அடக்கம் பண்ணின நாளுக்கு அப்புறம் நான் ஒரு தடவைகூட அந்தப் பக்கம் போகல."