பலாமரம் கேட்ட வரம்

"ஆத்தா, சக்கரத்தை நிறுத்து ஆத்தா!"

காலில் வந்து விழுந்த பலாமரத்தைப் பார்த்துச் சுழலாத்தாள் திகைத்துப் போனாள். இந்த நாடகத்தில் மரத்துக்கு வசனமே கிடையாது.

"ஏய் திலகா, மரம் எங்கியாவது பேசுமா? எழுந்து நில்லு!" என்றாள் ஆத்தாள், மீசையைத் தடவிக்கொண்டே.

ஆத்தாளாக நடிப்பவன் ஆல்பின். முத்தாண்டிக்குப்பத்துக்காரன், நிலக்கரி மைன்ஸில் காண்ட்ராக்ட் வேலை. கோடை விடுமுறை வந்தால் போதும், குவார்ட்டர்ஸ் பிளாக் பிள்ளைகளைச் சேர்த்துக்கொண்டு நாடகம் போட ஆரம்பித்துவிடுவான். இந்த வருஷம் இரட்டைச் சூரிய நாடு என்று ஒரு நாட்டையும், அந்த நாட்டுக்குச் சுழலாத்தாள் என்று ஒரு சாமியையும் அவனே உண்டாக்கியிருந்தான். ஆத்தாள் தன் கையிலிருக்கும் சக்கரத்தைச் சுற்றினால்தான் அங்கே பொழுது விடியும், மழை வரும், பிஞ்சு பழுக்கும். சக்கரம் என்பது பழைய சைக்கிள் ரிம்.

கிழவனாவதற்குப் பயந்த ராஜா ஒருவன் சக்கரத்தை நிறுத்தச் சொல்வான். ஆத்தாளும் நிறுத்திவிடுவாள். அவ்வளவுதான், காய் காயாகவே நிற்கும், குழந்தை குழந்தையாகவே கிடக்கும். ஊரே வந்து அழுத பிறகு ஆத்தாள் மறுபடி சுற்றுவாள். இதுதான் கதை.

"நாடகத்துக்கு இல்லண்ணா, நெஜமாவே நிறுத்துங்க." திலகா அழுதேவிட்டாள். "இந்த மாசம் முடிஞ்சா அப்பா ரிடையர் ஆயிடுவாரு. குவார்ட்டர்ஸைக் காலி பண்ணிட்டு உடுமலைப்பேட்டைக்குப் போகணுமாம். பெரியப்பா வீட்ல ஒரே ஒரு ரூம்தான் தருவாங்களாம். அப்பா தூங்கறதே இல்லண்ணா."

அதே மைன்ஸில் வேலை பார்க்கும் அவள் அப்பா மருதாசலத்துக்குக் காலம் போன காலத்தில் பிறந்த ஒரே பெண். இப்போதுதான் ஆறாம் வகுப்பு முடித்திருக்கிறாள். மனுஷனுக்குத் தூக்கம் எப்படி வரும்?

குவார்ட்டர்ஸ் வாசலில் பாத்திரங்களைச் சாக்கில் போட்டுக் கட்டிக்கொண்டிருந்த திலகாவின் அம்மா கமலா, "விடு கண்ணு, ஆல்பின் தம்பி என்ன பண்ணும் பாவம்," என்றாள்.

ஆல்பினுக்கு மனசு கேட்கவில்லை. "சரி, நிறுத்திடறேன். ஆனா கதை தெரியுமில்ல? சக்கரம் நின்னா யாராவது பிஞ்சாவே நின்னுடுவாங்க. அப்பறம் என்னைத் திட்டக்கூடாது."

"எங்க வீட்டு மாங்கா பழுக்கலைன்னா பரவால்லண்ணா. ஊறுகா போட்டுக்கறோம்!"

ஆல்பின் சிரித்துக்கொண்டே சுற்றிக்கொண்டிருந்த ரிம்மைக் கையால் பிடித்து நிறுத்தினான். "போ, நின்னாச்சு. ஒழுங்கா மரமா நில்லு."

நாடகத்தன்று, காலை ஏ ஷிப்ட் முடிந்து வந்த மருதாசலம் சைக்கிளுக்கு ஸ்டாண்டு கூடப் போடவில்லை. அப்படியே சுவரில் சாய்த்துவிட்டு உள்ளே ஓடினார்.

"கமலா! கட்டினதையெல்லாம் அவுத்துப் போடு! கவர்ன்மென்ட் ஆர்டர் வந்திருச்சு. இனிமே அம்பத்தெட்டு இல்ல, அறுபதுலதான் ரிடையர்மென்ட்!"

"ஏனுங்க, நெசமாத்தான் சொல்றீங்களா?"

"நோட்டீஸ் போர்டுல ஒட்டியிருக்காங்க. என்ற கண்ணாலயே பார்த்தேன்!"

கமலா கட்டிவைத்த சாக்கின் மேலேயே உட்கார்ந்து அழுதாள், சிரித்தாள், மறுபடி அழுதாள். பிறகு மூக்கைத் துடைத்துக்கொண்டு முதல் சாக்கை அவிழ்த்துக் காபி ஃபில்டரை வெளியே எடுத்தாள். காபி கொண்டுபோனபோது மருதாசலம் யூனிஃபார்மைக்கூடக் கழற்றாமல் குறட்டை விட்டுக்கொண்டிருந்தார். எத்தனையோ நாளைக்கப்புறம் கேட்கும் குறட்டை. எழுப்ப மனமில்லாமல் அந்தக் காபியை அவளே குடித்தாள்.

திலகா மைதானத்துக்கு ஒரே ஓட்டமாக ஓடினாள். ஆல்பின் ரிம்முக்குக் கலர் பேப்பர் ஒட்டிக்கொண்டிருந்தான். நாடகத்துக்காக மீசையை வேறு எடுத்திருந்தான்.

"அண்ணா! ஆத்தா நிறுத்திட்டாங்கண்ணா! அப்பாவுக்கு இன்னும் ரெண்டு வருஷம் வேலை! நாங்க எங்கயும் போகலை!"

ஆல்பின் கோணலாக ஒட்டிவிட்ட பேப்பரைப் பிய்த்து, நேராக ஒட்டினான். அப்புறம், "அடேங்கப்பா! என் சாமிக்கு இவ்ளோ பவரா!" என்று சிரித்தான்.

சாயந்திரம் நாடகம் அமர்க்களப்பட்டது. கடைசிக் காட்சியில் ஆத்தாள் மறுபடி சக்கரத்தைச் சுற்றப் போனபோது, பலாமரம் மட்டும் வேண்டாம் வேண்டாம் என்று தலையை ஆட்டியது. மைதானமே சிரித்தது. மருதாசலம் மேடையேறி ஆத்தாளுக்குத் துண்டு போர்த்தி, "உன்ற வாய் முகூர்த்தம் தம்பி! நாங்க பொழச்சோம்," என்றார். அவர் கண் கலங்கியிருந்தது.

மேடைக்குப் பின்னால், மகன் ஆல்பினின் நாடகத்தைப் பார்க்க ஊரிலிருந்து பஸ் ஏறி வந்திருந்த ஆரோக்கியம்மாள் காத்துக்கொண்டிருந்தாள்.

"நல்லா நடிச்சடா. அது கெடக்கட்டும், மருதாசலம் சார் ரிடையர் ஆனதும் அந்த எடத்துல உன்னைப் பெர்மனென்ட் பண்றோம்னு சொன்னாங்களே, ஒண்ணாந்தேதி ஆர்டர் வந்துடுமா? கோயில்ல ஓலை படிச்சு எப்ப கல்யாணத்த வச்சுக்கலாம்னு உனக்குப் பேசின பொண்ணு ஆனி வூட்ல கேட்டுகினே இருக்காங்க."

"இன்னும் ரெண்டு வருசம் ஆவும்மா."

"ரெண்டு வருசமா! அய்யோ மாதாவே, எந்தப் பாவிடா இந்த வேலையப் பண்ணது?"

ஆல்பின் தோளில் கிடந்த புதுத் துண்டால் முகத்துப் பவுடரைத் துடைத்துக்கொண்டே சொன்னான்.

"நான்தாம்மா."