படகுக் குறி

“அக்கா ஓட்டுன சைக்கிளை எனக்குக் காட்டுங்க சார்.”

இதை மட்டும் கேட்டுவிடாதே, உன் பிழைப்பில் மண் விழும் என்று செலினின் அம்மா தலையில் அடித்துக்கொண்டு சொல்லியிருந்தாள்.

அடையாறு பிஎம்எக்ஸ் சைக்கிள் ரேஸ் கிளப்பின் பயிற்சியாளர் ஷெல்டன் விசிலைச் சுழற்றுவதை நிறுத்தினார்.

“நாளைக்கு இந்தியா டீம் செலக்‌ஷன். இப்போ எதுக்கு அந்தப் பேச்சு?”

“அக்கா எப்படி வுழுந்துச்சுன்னு தெரியணும்.”

“மேட்டுல தாவறப்போ பயந்து பிரேக் புடிச்சா, இடுப்பு போச்சு. சைக்கிள் மேல தப்பில்ல.”

“அது இப்ப எங்க கீது?”

“காயலான் கடையில போட்டாச்சு. உனக்குத்தான் ஃபாரின்லேர்ந்து புதுசு எறக்கிக் குடுத்தேனே! ஒழுங்கா ஓட்டு. இல்லாட்டி பாலவாக்கத்துக்கே போய் மீன் வித்துக்கோ.”

“எங்க ஆளுங்க புதுப் படகு எறக்கினா, அடியில கத்தியால சிலுவை கீறுவாங்க சார். அக்கா தன்னோட சைக்கிள் அடியிலயும் கீறிச்சு.”

“அதுக்கு?”

“நேத்து என் சைக்கிள்ல பெயின்ட் உரிஞ்சுது. அடியில சிலுவை. பக்கத்துலயே வெல்டிங் வெச்சு மூடின விரிசல்.”

ஷெல்டனின் குரல் தேனாகக் குழைந்தது. “அதைக் கொண்டாந்து குடு கண்ணு, நெஜமாவே புதுசு தரேன். வெளிய சொன்னா எந்த டீமும் உன்னைச் சேக்காது.”

செலின் ஹெல்மெட்டைக் கழற்றி அவர் மேசைமேல் வைத்தாள்.

“காலையிலயே போலீஸ் ஸ்டேஷன்ல குடுத்துட்டேன் சார். உங்க வாயால ஒரு நெஜம் வருமான்னு பாக்கத்தான் கேட்டேன்.”

திரும்பிப் பார்க்காமல் வெளியே நடந்தாள்.