இருபத்தேழாம் எண் வண்டி

மூன்றாவது சுற்றில் இருபத்தேழாம் எண் பைக் வளைவுக்குள் போனது, வெளியே வரவில்லை. புழுதி மட்டும் எழுந்தது. சிவப்புக் கொடி காட்டிப் பந்தயத்தை நிறுத்தினார்கள். வர்ணனை மேடையில் நின்ற தேவசகாயம் மைக்கைக் கீழே இறக்கினார். அந்த வண்டியை ஓட்டியது அவருடைய மகள் ரூத்.

"நிறுத்தாம பேசுங்க சார்," என்று பந்தய அதிகாரி அவர் தோளை அழுத்தினார். "போன வருஷம் மாதிரி சனம் உள்ள இறங்கிட்டா ஆம்புலன்ஸ் போக முடியாது."

தேவசகாயம் பேசினார். இந்தத் தடம் யுத்த காலத்தில் விமான ஓடுதளமாக இருந்ததைச் சொன்னார். முதல் பந்தயத்துக்கு வைக்கோல் கட்டுகளை அடுக்கி வளைவு அமைத்ததையும், பாதியை மாடுகள் தின்றுவிட்டதையும் சொன்னார். எழுந்து நின்ற கூட்டம் சிரித்தபடி உட்கார்ந்தது. அவர் கண் வளைவை விட்டு நகரவில்லை.

ஆம்புலன்ஸ் திரும்பி வந்தது. சைரன் இல்லை, வேகமும் இல்லை. அது நல்லதற்குத்தானா என்று அதிகாரியைப் பார்த்தார். வாக்கி டாக்கியைக் காதில் வைத்திருந்த அதிகாரி முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

"மேல சொல்லுங்க சார்!" என்று கூட்டத்தில் ஒருவர் கத்தினார்.

"ரெண்டாவது பந்தயம்..." என்று தொடங்கினார் தேவசகாயம். "அன்னைக்கு நல்ல மழை."